வாசகர் கேள்வி பதில்: அரசரின் தாயை எப்படி அழைத்தார்கள்?

சென்ற இதழில் சோழர் காலக் கொடைகளைப் பற்றிய பதிலொன்றில் "ராஜமாதா" என்ற சொல்லைப் போகிற போக்கில் பயன்படுத்தியிருந்தேன். அந்தச் சொல்லைப் பற்றியே திருகோணமலையிலும் சுற்றுவட்டாரத்திலும் இருந்து பல கடிதங்கள் வந்திருக்கின்றன. ஆகவே இந்த இதழின் பக்கங்களை அந்த ஒரு விடயத்துக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: ஐயா, தொலைக்காட்சித் தொடர்களில் வயதான அரசியர் எல்லோரையும் "ராஜமாதா" என்றே அழைக்கிறார்கள். இது அரசனைப் பெற்ற தாய்க்கு மட்டும் உரிய பட்டமா, அரசியாக இருந்து தாயான எவருக்கும் பொருந்துமா? இது பழைய சொல்தானா?
(உயர்தர மாணவி, உவர்மலை)

பதில்: முதலில் சொல்லைப் பிரித்துப் பார்ப்போம், மகளே. ராஜமாதா என்பது "அரசனுடைய தாய்" என்று விரியும் வடமொழித் தொகைச்சொல். "அரசியாகிய தாய்" என்று அது விரியாது. ஆகவே ஒரு பெண் பட்டத்தரசியாக நாற்பது ஆண்டுகள் வீற்றிருந்தாலும், அவர் பெற்ற பிள்ளைகள் அரண்மனை நிறைய இருந்தாலும், அவர்களில் ஒருவர் முடிசூடும் வரை இந்தச் சொல்லின் நேர்ப்பொருள் அவருக்குப் பொருந்தாது. மறுபுறம், ஒருநாளும் பட்டத்தரசியாக இராத ஒரு பெண், மகன் அரியணை ஏறிய அன்றே அந்தச் சொல்லுக்கு உரியவராகிவிடுகிறார்.

இது மிகப் பழைய வேறுபாடு. கௌடில்யருடைய அர்த்தசாஸ்திரத்தின் ஐந்தாம் அதிகரணத்தில், அதாவது ஐந்தாம் பகுதியில், அரச ஊழியர்களுக்கும் அரச குடும்பத்தவர்க்கும் உரிய ஊதியப் பட்டியல் இருக்கிறது. அதன் உச்சியில், வேள்வி செய்யும் ருத்விக், ஆசாரியர், மந்திரி, புரோகிதர், சேனாபதி, இளவரசன் ஆகியோருடன் ராஜமாதாவும் பட்டத்தரசியும் ஒரே வரிசையில் வைக்கப்பட்டு, ஒவ்வொருவருக்கும் 48,000 பணம் என்று விதிக்கப்படுகிறது. இவ்வளவு கொடுத்தால் இவர்கள் பிறருடைய தூண்டுதலுக்கு ஆளாகவும் மாட்டார்கள், சினம் கொள்ளவும் மாட்டார்கள் என்று நூல் காரணமும் சொல்கிறது. அதே பட்டியலில் சில வரிகள் கீழே இறங்கினால், குமாரமாதா, அதாவது முடிசூடாத இளவரசனின் தாய், 12,000 பணத்துக்கு உரியவராக நிற்கிறார். மகன் அரியணை ஏறும் நாளில் தாயின் இடம் நான்கு மடங்கு உயர்ந்துவிடுகிறது. ராஜமாதா என்பது அன்புக்காகச் சொல்லப்பட்ட அடைமொழி மட்டுமன்று, அரசின் கணக்குப் புத்தகத்தில் தனியிடம் பெற்ற ஒரு நிலை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நான் கண்டதில்லை.

கல்லிலும் இந்தச் சொல் இருக்கிறது. மகாராஷ்டிரத்து நாசிக் குகைகளுள் ஒன்றில், சாதவாகன மன்னன் வாசிஷ்டிபுத்திர புலுமாவியின் 19ஆம் ஆட்சியாண்டில் பொறிக்கப்பட்ட நீண்ட பிராகிருதக் கல்வெட்டு உண்டு. அந்தக் குகையைப் பௌத்தத் துறவிகளுக்குக் கொடையளித்தவர் கௌதமி பாலஸ்ரீ. பெயர்பெற்ற கௌதமிபுத்திர சதகர்ணியைப் பெற்றவர் அவர். அந்தக் கல்வெட்டில் அவர் "மகாராஜமாதா" என்றும் "மகாராஜபிதாமகி" என்றும் குறிக்கப்படுகிறார். மகாராஜனின் தாய், மகாராஜனின் பாட்டி. மகன் ஆண்டு மறைந்து பேரன் ஆளும்போது, இரண்டு உறவையும் ஒன்றன்பின் ஒன்றாகச் சொல்லித் தம்மை அறிமுகப்படுத்திக்கொள்கிறார். அந்த மகனின் பெயரே "கௌதமியின் மகன்" என்று பொருள்படுவதையும் கவனியுங்கள். அங்கே தாய் மகனால் பெயர் பெறுகிறார், மகனும் தாயால் பெயர் பெறுகிறான்.

மாதா என்ற சொல் ஒன்றே வழங்கியது என்றும் எண்ணிவிட வேண்டாம். குப்தப் பேரரசன் இரண்டாம் சந்திரகுப்தனின் மகளான பிரபாவதிகுப்தா, வாகாடக மன்னன் இரண்டாம் ருத்ரசேனனை மணந்து, அவன் மறைவுக்குப் பின் சிறுவயது மகனுக்காக ஆட்சியை நடத்தினார். அவருடைய புனே செப்பேட்டில் "யுவராஜன் திவாகரசேனனின் ஜனனி" என்று தம்மைக் குறிக்கிறார். ஜனனி என்றால் பெற்றவள். அதிகாரம் முழுவதும் தம் கையில் இருந்தபோதும், அந்த அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்பதைச் சொல்ல அவர் தேர்ந்தெடுத்த சொல் அது.

இனி உங்கள் கேள்வியின் மறுபாதி. பிற்கால வடஇந்தியச் சமஸ்தானங்களில் ராஜமாதா என்பது பெற்ற தாய் என்ற நேர்ப்பொருளைத் தாண்டி, "முந்தைய அரசரின் மனைவியாக இருந்து இன்று அரண்மனைக்கு மூத்தவர்" என்ற பொருளுக்கு விரிந்தது. ஜெய்ப்பூர் காயத்ரி தேவி இதற்குத் தக்க எடுத்துக்காட்டு. அவருடைய கணவர் இரண்டாம் மான்சிங் 1970இல் இறந்தபின் பட்டத்துக்கு வந்தவர் பவானிசிங். அவர் மான்சிங்கின் முதல் மனைவிக்குப் பிறந்தவர். காயத்ரி தேவிக்கோ ஜகத்சிங் என்ற சொந்த மகன் இருந்தார், அவர் பட்டத்துக்கு வரவில்லை. ஆயினும் 2009இல் காலமாகும் வரை காயத்ரி தேவி ராஜமாதா என்றே மதிக்கப்பட்டார். குவாலியரின் விஜயராஜே சிந்தியாவுக்கோ இரண்டு பொருளும் பொருந்தின. கணவர் ஜீவாஜிராவ் 1961இல் மறைந்தபின் பட்டத்துக்கு வந்தவர் அவர் பெற்ற மகன். அந்த அம்மையார் அரசியலில் பெரும்பெயர் பெற்றதால், "குவாலியர் ராஜமாதா" என்பது அவருடைய இயற்பெயரைப் போலவே செய்தித்தாள்களில் வழங்கியது.

எனவே பரீட்சையில் எழுதும்போது, "அரசனின் தாய் என்பது நேர்ப்பொருள், அரண்மனையின் மூத்த அரசி என்பது வழக்கால் விரிந்த பொருள்" என்று இரண்டையும் குறிப்பிடுங்கள். எந்த நூற்றாண்டைப் பற்றி எழுதுகிறீர்கள் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

கேள்வி: சிவாஜியின் தாயார் ஜீஜாபாய் தம் காலத்திலேயே ராஜமாதா என்று அழைக்கப்பட்டாரா?
(வாசகர், திருக்கடலூர்)

பதில்: மராத்தியர் அவரைப் போற்றிய வழக்குச் சொற்கள் மாதோஸ்ரீ, ஆவுசாகேப் என்பவை. இரண்டும் தாய் என்ற சொல்லோடு மரியாதை விகுதியைச் சேர்த்தவை, நம் "அம்மையார்" போல. இன்று மகாராஷ்டிரம் முழுவதும் "ராஜமாதா ஜிஜாவு" என்பது பெருவழக்கு. ஒரு தேதியை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். சிவாஜி ராய்கட்டில் முடிசூடியது 1674 ஜூன் 6. ஜீஜாபாய் காலமானது ஜூன் 17. முடிசூடிய மன்னரின் தாயாக அவர் வாழ்ந்தது பதினொரு நாட்களே. அந்த முடிசூட்டைக் காண அவர் எத்தனை ஆண்டுகள் காத்திருந்திருப்பார் என்று எண்ணும்போது, அந்தப் பட்டத்தின் எழுத்து ஒவ்வொன்றும் எனக்குக் கனக்கிறது.

கேள்வி: ராஜமாதா வடமொழி. நம் தமிழ் மன்னர்கள் தங்கள் தாயை என்ன பட்டத்தால் குறித்தார்கள்? சோழர் திருகோணமலையை ஆண்டபோது இங்கே அப்படி ஏதாவது சொல் வழங்கியதா?
(ஓய்வுபெற்ற ஆசிரியை, நிலாவெளி)

பதில்: அம்மா, இந்தக் கேள்விக்குப் பதில் எழுத நான் ஆவலோடு காத்திருந்தேன் என்பதை மறைக்காமல் சொல்கிறேன்.

தமிழில் அரசனின் தாயைக் குறிக்கப் பட்டப்பெயரைவிட வினைச்சொல்லே முன்னே நின்றது. ஈன்ற என்பதே அந்தச் சொல். சேர மன்னர்களைப் பாடும் பதிற்றுப்பத்தின் பதிகங்களை எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் பத்தின் பதிகம் இமயவரம்பன் நெடுஞ்சேரலாதனை அறிமுகப்படுத்தும்போது, உதியஞ்சேரலுக்கு "வெளியன் வேண்மாள் நல்லினி ஈன்ற மகன்" என்கிறது. தாயின் தந்தை வெளியன், தாயின் குலம் வேளிர், தாயின் பெயர் நல்லினி. மூன்றும் ஒரே அடியில் வந்துவிடுகின்றன. வேறு இரு சேர மன்னர்களை "வேளாவிக் கோமான் பதுமன் தேவி ஈன்ற மகன்" என்று பதிகங்கள் குறிக்கின்றன. அரசனுக்குத் தந்தை யார் என்பதோடு, எந்த வீட்டுப் பெண்ணின் வயிற்றில் பிறந்தவன் என்பதும் சொல்லப்பட்டால்தான் அறிமுகம் நிறைவடையும் என்று அந்தப் பதிகங்களை வகுத்தவர்கள் கருதியிருக்கிறார்கள்.

அந்த வினைச்சொல் மரபு சோழர் கல்வெட்டில் உச்சத்தை அடைகிறது. கண்டராதித்த சோழரின் தேவியும் உத்தம சோழரின் தாயுமான செம்பியன் மாதேவியார், கணவர் மறைந்தபின் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்து, சோழநாட்டின் பழைய செங்கல் கோயில்கள் பலவற்றைக் கற்றளிகளாக, அதாவது கற்கோயில்களாக, மாற்றியவர். அவருடைய கொடைகளைச் சொல்லும் கல்வெட்டுகளில் அவரைக் குறிக்கும் தொடர் இது: "உத்தம சோழரைத் திருவயிறு வாய்த்த உடைய பிராட்டியார்".

திருவயிறு வாய்த்த! இந்தத் தொடரைச் சற்று நின்று படியுங்கள். பெற்ற என்று சொல்லவில்லை, ஈன்ற என்றும் சொல்லவில்லை. வாய்த்தல் என்றால் பேறாகக் கிடைத்தல். நல்ல வேளை வாய்த்தது, நல்ல துணை வாய்த்தது என்று இன்றும் நாம் சொல்கிறோம். அரசன் ஒருவனைத் தம் வயிற்றில் பேறாகப் பெற்றவர் என்று அந்தத் தொடர் விரிகிறது. வயிற்றுக்குத் "திரு" என்ற அடை, கோயிலுக்கும் மேனிக்கும் வீதியுலாவுக்கும் நாம் சேர்க்கும் அதே அடை. கணக்கர் ஒருவர் ஓலையில் எழுதி, கல்தச்சர் ஒருவர் உளியால் வெட்டிய நிலக்கொடை ஆவணத்தில் இப்படியொரு தொடர் அமர்ந்திருப்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மெய் சிலிர்க்கிறது. இதற்கு ஈடாக "ராஜமாதா" என்று எழுதிவிட்டால் பொருள் மாறாது, ஆனால் அந்த வயிறு மறைந்துவிடும். சென்ற இதழில் நான் செய்த பிழை இதுவே. செம்பியன் மாதேவியாரை ராஜமாதா என்று நான் எழுதியிருக்கக் கூடாது.

அந்தத் தொடரின் பிற்பகுதியையும் பார்க்க வேண்டும். உடைய பிராட்டியார் என்பது தாய்க்கு மட்டும் உரிய சொல் அன்று. பிராட்டி என்பது பிரான் என்பதன் பெண்பால், தலைவி என்று பொருள். அரசன் தேவியைக் குறிக்க "நம்பிராட்டியார்" என்பது வழக்கு. "மாதேவி" என்பதும் அப்படியே, பெருந்தேவி என்ற பொருளில் அரசியர்க்கு வழங்கியது. செம்பியன் என்பது சோழனைக் குறிக்கும் குடிப்பெயர், எனவே செம்பியன் மாதேவி என்றால் சோழனின் பெருந்தேவி. வேறு சோழ அரசியரும் அந்தப் பெயரைத் தாங்கியிருக்கிறார்கள்.

பெயரை மட்டும் பார்த்து உறவை முடிவு செய்வதில் உள்ள இடர்ப்பாடு இங்கேதான் தொடங்குகிறது. பொலன்னறுவையில் முழுதும் கல்லால் எழுந்து நிற்கும் சோழர் காலச் சிவன் கோயிலை நீங்கள் பார்த்திருப்பீர்கள். கல்வெட்டுகள் அதை வானவன் மாதேவி ஈஸ்வரம் என்கின்றன. இராசராசனின் தாயார் பெயர் வானவன் மாதேவி என்பது உண்மை. அவர் கணவர் சுந்தர சோழர் இறந்தபோது உடன்கட்டை ஏறியவர், பால்குடி மாறாத பிள்ளையைப் பிரிந்து அவர் தீயில் இறங்கியதைத் திருக்கோவலூர்க் கல்வெட்டு உருக்கத்தோடு சொல்கிறது. ஆனால் இராசராசனின் தேவியும் இராசேந்திரனின் தாயுமானவர்க்கும் வானவன் மாதேவி என்ற பெயர் உண்டு. ஆகவே மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கும்போது "இராசராசன் தன் தாய்க்குக் கட்டிய கோயில்" என்று அடித்துச் சொல்லாமல், "சோழ அரசியின் பெயர் தாங்கிய கோயில்" என்று சொல்வதே முறை.

திருகோணமலையில் அப்படிச் சொல் வழங்கியதா என்று கேட்டிருக்கிறீர்கள். கந்தளாயில் இருந்த பிராமணர் ஊரான சதுர்வேதிமங்கலமும், பெரியகுளத்துப் பௌத்தப் பள்ளியான இராசராசப் பெரும்பள்ளியும் நம் பகுதியில் அரசனின் பெயரைத் தாங்கின. அரசனின் தாய்க்கென்று இங்கே வழங்கிய தனிப்பட்டமாக எதையும் நான் காட்டப்போவதில்லை. ஆனால் அந்தப் பெயர்களை இங்கே கல்லில் எழுதியவர்கள், "திருவயிறு வாய்த்த" என்று எழுதியவர்களின் மொழிநடையிலேயே எழுதினார்கள்.

இன்னொன்றையும் சொல்லாமல் விட மனம் வரவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில் இராசராசன் வெட்டுவித்த கல்வெட்டில், "நாம் கொடுத்தனவும், அக்கன் கொடுத்தனவும், நம் பெண்டுகள் கொடுத்தனவும்" என்ற வரிசை வருகிறது. அக்கன் என்பது தமக்கை குந்தவையார். தாயை இழந்த பேரரசன், தேவியரையும் முந்தி அக்காவை நிறுத்துகிறான், அதுவும் பட்டப்பெயர் இல்லாமல், வீட்டில் கூப்பிடும் முறைப்பெயரால். தாயின் இடத்தை யார் நிரப்பினார் என்பதை அந்த ஒரு சொல் காட்டிவிடுகிறது. இராசேந்திரனோ தன் சிற்றன்னை பஞ்சவன் மாதேவியாருக்குப் பட்டீசுவரம் அருகே பள்ளிப்படைக் கோயில், அதாவது இறந்தவர் நினைவாக எழுப்பும் கோயில், எடுத்தான். பெறாத தாய்க்கும் மகன் கோயில் எடுக்கும் மரபு நம்மிடம் இருந்தது.

கேள்வி: அஸ்ஸலாமு அலைக்கும். முகலாய மன்னர்களின் தாய்மாருக்கு என்ன பட்டங்கள் இருந்தன? மர்யம் என்ற பெயர் ஏன் அடிக்கடி வருகிறது?
(வாசகர், கிண்ணியா)

பதில்: வஅலைக்கும் ஸலாம். நல்ல கேள்வி. முகலாய அரண்மனையில் உயர்நிலைப் பெண்களின் இயற்பெயரைப் பொது அவையில் சொல்வது மரியாதைக் குறைவு. எனவே பட்டமே பெயராக நின்றது. அக்பரின் தாயார் ஹமீதா பானு பேகம் "மர்யம் மகானி" என்று அழைக்கப்பட்டார். மர்யமுக்கு நிகரான இடத்தில் இருப்பவர் என்பது கருத்து. அக்பரின் மனைவியும் ஜஹாங்கீரின் தாயுமானவர் "மர்யமுஸ் ஸமானி", அதாவது அந்தக் காலத்தின் மர்யம். ஈஸா நபியின் தாயாரை அல்குர்ஆன் உலகப் பெண்கள் அனைவரிலும் தேர்ந்தெடுக்கப்பட்டவர் என்று போற்றுகிறது. பெண் ஒருவரைத் தாய்மையின் பேரால் உயர்த்த வேண்டுமானால் அந்தப் பெயரைவிட உயர்ந்த ஒப்புமை அவர்களுக்கு இருக்கவில்லை.

மர்யமுஸ் ஸமானி ஆம்பேர் அரசர் பார்மலின் மகள், பிறப்பால் இராசபுத்திரப் பெண். அவருடைய இயற்பெயரைச் சமகால வரலாற்று நூல்கள் தரவில்லை, இன்று பலர் சொல்லும் ஜோதா என்ற பெயர் பிற்காலத்தில் ஒட்டிக்கொண்டது. அவர் பெயரால் வெளியான ஆணைகளில் "நூருத்தீன் ஜஹாங்கீரின் வாலிதா" என்ற தொடர் வருகிறது. வாலிதா என்ற அரபுச் சொல்லுக்குப் பெற்றவள் என்பதே பொருள். வாகாடகச் செப்பேட்டின் "ஜனனி"யும் சோழர் கல்வெட்டின் "திருவயிறு வாய்த்த"வும் சொல்வதையே, வேறொரு மொழியில், வேறொரு மார்க்கத்துச் சூழலில் இந்த வாலிதாவும் சொல்கிறது.

துறைமுகத்தைப் பார்த்து வளர்ந்த நமக்கு அவரைப் பற்றிய இன்னொரு செய்தி பிடிக்கும். அவர் சொந்தக் கப்பல் வைத்துக் கடல் வாணிபம் செய்தவர். ரஹீமி என்ற அவருடைய பெருங்கப்பல் ஹஜ் பயணிகளையும் ஏற்றிச் சென்றது. 1613இல் போர்த்துக்கேயர் அதைக் கைப்பற்றியபோது ஜஹாங்கீர் கடுமையாக எதிர்நடவடிக்கை எடுத்தார். மகனின் பட்டத்தால் பெயர் பெற்ற தாய், தம் கப்பலால் மகனின் அரசியலையே திருப்பினார். 1623இல் காலமானார். அடக்கவிடம் சிக்கந்தராவில், அக்பரின் அடக்கவிடத்துக்கு அருகில் இருக்கிறது.

அதற்கு முந்தைய டில்லி சுல்தான்கள் காலத்தில் "மக்தூமா ஜஹான்", உலகின் தலைவி, என்ற பட்டம் முகம்மது பின் துக்ளக்கின் தாயாருக்கு இருந்ததை இப்னு பதூதா எழுதியிருக்கிறார்.

வடஇந்தியாவின் அவத் பகுதியைப் பிற்காலத்தில் ஆண்ட நவாபுகளின் குடும்பத்தில் ஒரு பெயர் என்னை எப்போதும் சிந்திக்க வைக்கும். நவாப் ஆசபுத் தௌலாவின் தாயார் வரலாற்றில் "பஹூ பேகம்" என்று அறியப்படுகிறார். பஹூ என்றால் மருமகள். மகன் நவாபாகி ஆளும்போதும், தாம் பெருஞ்செல்வத்துக்கு உரியவராக இருந்தபோதும், 1815இல் இறக்கும் வரை, இறந்த பின்னும், அவர் மருமகள் பேகம்தான். மாமியார் "நவாப் பேகம்" என்ற பட்டத்தோடு மூத்தவராக இருந்த வீட்டில் வாழ்க்கைப்பட்டு வந்தபோது கிடைத்த பெயர் அது. எங்கள் பக்கத்துத் தெருவில், பேரப்பிள்ளை கண்ட ஒருவரை இன்றும் "புதுப்பொண்ணு" என்று அழைக்கிறார்கள். வீட்டுக்குள் முதலில் ஒட்டிய முறைப்பெயரைப் பிறகு வரும் எந்தப் பட்டமும் எளிதில் பெயர்த்துவிடுவதில்லை.

கேள்வி: திருவிதாங்கூரில் அரசரின் மனைவி மகாராணி இல்லை என்று படித்தேன். அப்படியானால் மகாராணி யார்?
(வாசகி, மூதூர்)

பதில்: அரசரின் தாயும் சகோதரியும். திருவிதாங்கூரில் பட்டம் தாய்வழியாக, மாமனிடமிருந்து சகோதரியின் மகனுக்கு இறங்கியது. அரசரின் மனைவிக்கு அம்மச்சி என்ற பெயர்தான், மகாராணிப் பட்டம் இல்லை, அவர் பெற்ற மகனுக்கு அரியணை உரிமையும் இல்லை. ஆகவே அங்கே "ஒரு மகாராணி பிற்பாடு தாய் என்ற பட்டத்தை அடைகிறார்" என்பதே பொருந்தாது. அரச வம்சத்தைப் பெற்றெடுக்கும் பெண் என்பதாலேயே அவர் மகாராணி. கடைசி மன்னர் சித்திரைத் திருநாளின் தாயார் சேது பார்வதி பாய் "அம்ம மகாராணி" என்று அழைக்கப்பட்டார். இருந்தும் மன்னர் சிறுவராக இருந்த 1924 முதல் 1931 வரை ஆட்சிப் பொறுப்பை வகித்தவர் தாயல்லர். பெரியம்மா முறையான மூத்த மகாராணி சேது லட்சுமி பாயே வகித்தார். குடும்பத்தின் மூத்த பெண் என்ற நிலை, பெற்றவள் என்ற நிலையை முந்தியது. மட்டக்களப்புப் பக்கத்தில் தாய்வழியாகக் குடி எண்ணும் முறையை அறிந்த நம்மவர்க்கு இது விளங்கச் சிரமம் இராது.

கேள்வி: பாடசாலைக் கலைவிழாவுக்குச் சோழர் கால நாடகம் பழக்குகிறோம். மகனான அரசன் தாயை எப்படி அழைக்க வேண்டும்? மாணவர்கள் "ராஜமாதா" என்றே சொல்லிப் பழகிவிட்டார்கள்.
(நாடகப் பொறுப்பாசிரியர், உப்புவெளி)

பதில்: மகன் "அம்மா" என்றோ "தாயே" என்றோ அழைக்கட்டும். பட்டம் என்பது ஊராரும் அவையோரும் சொல்வது, பெற்ற பிள்ளை முகத்துக்கு நேரே சொல்வதன்று. அமைச்சரும் அதிகாரிகளும் "பிராட்டியார்" என்று குறிப்பிடலாம். அவையில் அவர் வருகையை அறிவிக்கும் பாத்திரம் இருந்தால், "உத்தம சோழ தேவரைத் திருவயிறு வாய்த்த உடைய பிராட்டியார் எழுந்தருளுகிறார்" என்று ஒரே மூச்சில், நிறுத்தாமல், உரத்த குரலில் சொல்லச் செய்யுங்கள். மேடையில் அந்த ஒரு வரியே போதும். இரண்டு மூன்று ஒத்திகைக்குப் பின் பிள்ளைகளுக்கு அது நாவில் நன்றாகப் பழகிவிடும்.

கேள்வி: ஐயா, அம்மா காலமாகி மூன்று கிழமை ஆகிறது. அந்தியேட்டிக் கிரியையைக் கன்னியாவில் செய்ய இருக்கிறோம். 31ஆம் நாளுக்கு வெளியிடும் கல்வெட்டில் அம்மாவின் படத்தின் கீழே "ராஜமாதா" என்று போட வேண்டும் என்று தம்பி விரும்புகிறான். எங்கள் குடும்பம் அரச குடும்பம் அல்ல. அப்படிப் போடுவது பிழையாகுமா?
(வாசகர், அன்புவழிபுரம்)

பதில்: உங்கள் துயரில் பங்குகொள்கிறேன். இந்திய அரசியலமைப்பின் 26ஆவது திருத்தம் 1971இல் மன்னர்களுக்கு இருந்த அங்கீகாரத்தையே நீக்கிவிட்டது. எனவே ராஜமாதா என்பது இன்று எவருடைய சட்ட உரிமையும் அல்ல, போடுவதைத் தடுப்பாரும் இல்லை. தம்பியின் ஆசையை நான் குறைவாக எண்ணவில்லை. ஆனாலும் கேட்டுவிட்டீர்கள், என் மனதில் பட்டதைச் சொல்கிறேன்.

நீங்கள் கிரியை செய்யப்போகும் இடமே ஒரு பேரரசனின் தாயின் நினைவில் உண்டானது என்பது நம் ஊர் ஐதீகம். இராவணனின் தாய் இறந்துவிட்டதாக முதியவர் வேடத்தில் வந்த திருமால் சொன்னதாகவும், ஈமக்கடன் செய்வதற்காக ஏழு இடங்களில் நிலத்திலிருந்து நீர் வரச் செய்ததாகவும் பெரியவர்கள் சொல்லக் கேட்டு வளர்ந்திருக்கிறோம். இடுப்பளவுச் சுவருக்குள் ஏழு சிறு சதுரக் கிணறுகள், ஒன்றில் கை வைத்தால் இளஞ்சூடு, அடுத்ததில் வாளியை இறக்கி முதற்குவளையைத் தலையில் ஊற்றும்போது உடம்பு ஒருமுறை உதறும். பிதிர்க்கடன் செய்ய வந்தவர்கள் ஈரவேட்டியோடு ஒவ்வொரு கிணறாக நகர்வதைச் சிறுவயதில் என் அப்பாச்சியின் கிரியையின்போது பார்த்தேன். அன்று எனக்கு அந்தக் கதையைச் சொன்ன மாமா, இராவணனுக்கு எத்தனையோ பட்டங்களைச் சொன்னார். அவனைப் பெற்றவளைச் சொல்லும்போது "இராவணன்ர தாய்" என்று மட்டும் சொன்னார். கோணமலையிலும் கன்னியாவிலும் இத்தனை நூற்றாண்டுகளாக அந்தப் பெண்ணுக்கு வழங்கும் பெயர் அவ்வளவுதான்.

நம் நாட்டில் 31ஆம் நாள் நினைவு மலருக்குக் "கல்வெட்டு" என்றே பெயர். ஆகவே கல்வெட்டில் எழுதிய தொடரையே நீங்களும் எடுத்துக்கொள்ளலாம். அம்மாவின் தந்தை பெயர், ஊர், பிறகு கணவர் பெயர், அதன்பின் உங்கள் உடன்பிறந்தார் எல்லோர் பெயரையும் மூத்தவர் முதல் வரிசையாக எழுதி, "ஆகியோரைத் திருவயிறு வாய்த்த" என்று சேர்த்து, அடுத்த வரியில் அம்மாவின் பெயரைப் பெரிய எழுத்தில் இடுங்கள். தம்பியின் பெயர் அந்த வரிசையில் கடைசியாக, "திருவயிறு" என்ற சொல்லுக்கு மிக அருகில் வரும். அச்சுக்குக் கொடுக்குமுன் "வாய்த்த" என்பதில் ஒற்று விடுபடாமல் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.